அமெரிக்காவில் 43 சதவீதம் பேர் ‘சுயேச்சை’ என்கிறார்கள், அப்புறம் ஜெயிப்பது ஏன் எப்போதும் இரண்டே கட்சி?

4 மார்ச் 2025 | ஓமலூரான்

கருத்துக்கணிப்பு நடத்தும் கேலப் நிறுவனத்தின் 2024 கணக்குப்படி அமெரிக்கர்களில் 43 சதவீதம் பேர் தங்களைச் சுயேச்சை என்கிறார்கள். குடியரசுக் கட்சி 28, ஜனநாயகக் கட்சி 28. எந்தக் கட்சியையும்விடப் பெரிய கூட்டம் இதுதான். என் வாதம் இரண்டு: 2024-ல் டிரம்ப் ஜெயித்தது இவர்களால். இன்னும் பத்து வருஷத்தில் ஒரு சுயேச்சை வெள்ளை மாளிகைக்குப் போவார். மறுப்பவர்கள் கணக்கோடு வரவும்.

4 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

கணக்கோடுதான் வருகிறேன். முதல் வாதம் தப்பு. 2024 எக்ஸிட் போலில் தங்களைச் சுயேச்சை என்று சொன்னவர்களிடம் ஹாரிஸுக்கு 49, டிரம்புக்கு 46. அவர்களிடம் முந்தியவர் தோற்றார். 2012-லும் இப்படித்தான். சுயேச்சைகளிடம் ராம்னி 50, ஒபாமா 45. ஆட்சி ஒபாமாவுக்கு.

இரண்டாவது வாதத்துக்குப் பெயர் ராஸ் பெரோ. 1992-ல் ஜனாதிபதிக்குச் சுயேச்சையாக நின்று நாடு முழுக்க 18.9 சதவீதம் வாங்கினார். ஜனாதிபதியைத் தேர்ந்தெடுக்கும் 538 பேர் தேர்வாளர் குழுவில் கிடைத்த இடம் பூஜ்யம். எல்லா மாநிலத்திலும் பரவலாக இருபது சதவீதம் வாங்குபவருக்கு அங்கே ஒன்றும் தேறாது. ஏதாவது ஒரு மாநிலத்தில் முதலாவதாக வரவேண்டும். 538-ல் 270 யாருக்கும் கிடைக்காவிட்டால் முடிவு பிரதிநிதிகள் சபைக்குப் போகும். அங்கே மாநிலத்துக்கு ஒரே ஓட்டு. கலிபோர்னியாவுக்கும் ஒன்று, வயோமிங்குக்கும் ஒன்று. அந்தச் சபையில் உட்கார்ந்திருப்பவர்கள் யார் என்று சொல்ல வேண்டியதில்லை.

4 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

காலையில் அவசரப்பட்டுவிட்டேன், ஓமலூரான் பக்கமும் அரைப் புள்ளி உண்டு. 2020-ல் இதே கூட்டத்தில் பைடன் 54, டிரம்ப் 41. பதின்மூன்று புள்ளி இடைவெளி 2024-ல் மூன்றாகச் சுருங்கியிருக்கிறது. ஆகவே ‘இவர்களால் ஜெயித்தார்’ என்பது தப்பு, ‘இவர்களிடம் தோல்வியைக் குறைத்துக்கொண்டார்’ என்பது சரி. கூட்டமும் பெருத்தது: வாக்களித்தவர்களில் சுயேச்சை என்றவர்கள் 2020-ல் 26 சதவீதம், 2024-ல் சுமார் 34.

ஆனால் பெருத்தது எப்படி? நேற்றுவரை ‘நான் குடியரசுக் கட்சி’ என்று சொன்னவர் இன்றைக்கு ‘நான் சுயேச்சை’ என்று சொல்லிவிட்டு அதே சின்னத்தில் குத்தினாலும் இந்த எண் ஏறும். கூட்டத்தில் இருக்கும் ஆட்களே மாறும்போது இரண்டு வருஷத்தை நேருக்கு நேர் ஒப்பிடுவது பாதி ஏமாற்று.

5 மார்ச் 2025 | மூன்றாம்வரிசை

இடையில் ஒரு சொல் பிரச்சினை. நம்மூரில் சுயேச்சை என்றால் வேட்பாளர். 2017-ல் ஆர்.கே. நகரில் குக்கர் சின்னத்தில் தினகரன் ஜெயித்தாரே, அந்த மாதிரி. வாக்காளர் பட்டியலில் கட்சிக்கு என்று ஒரு கட்டமே இங்கே கிடையாது. அங்கே இருக்கிறதா? அரசாங்கப் பதிவேட்டிலேயே ‘இவர் இந்தக் கட்சி’ என்று எழுதி வைப்பார்களா?

5 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

வைப்பார்கள். சுமார் முப்பது மாநிலங்களிலும் தலைநகர் வாஷிங்டனிலும். மத்திய அரசின் தபால் பதிவுப் படிவத்தில் 7-ஆம் பெட்டி ‘கட்சித் தேர்வு’. மற்ற மாநிலங்களில் அந்தக் கேள்வியே இல்லை: டெக்சஸ், ஜார்ஜியா, மிச்சிகன், விஸ்கான்சின், வர்ஜீனியா, மின்னசோட்டா. வடக்கு டகோட்டாவில் வாக்காளர் பதிவு என்பதே கிடையாது. ஆகவே டெக்சஸ்காரர் ஒருவர் ‘நான் பதிவு பெற்ற சுயேச்சை’ என்றால் அது வெறும் பேச்சு, அப்படி ஒரு பதிவே அங்கே இல்லை.

கேட்கிற மாநிலங்களிலும் ஒவ்வொன்றும் ஒரு பெயர் வைத்திருக்கிறது. கலிபோர்னியாவில் ‘கட்சி விருப்பம் இல்லை’. மாசசூசெட்ஸில் ‘சேராதவர்’. நியூ ஹாம்ப்ஷயரில் ‘அறிவிக்காதவர்’. புளோரிடாவில் ‘கட்சிச் சார்பு இல்லை’. நியூயார்க்கில் சுருக்கமாக ‘வெற்று’. அலாஸ்காவில் ‘கட்சி சாராதவர்’, ‘அறிவிக்காதவர்’ என்று இரண்டு தனிக் கணக்கு.

இந்த இழையில் இதுவரை மூன்று வேறு குவியலை ஒரே பெயரில் கலந்துகொண்டிருக்கிறோம். கருத்துக்கணிப்புக்காரர் போனில் கேட்டு வாங்கிய பதில் ஒன்று. பதிவேட்டில் கட்சிக் கட்டம் காலியாக இருப்பவர்கள் இன்னொன்று. உண்மையிலேயே இங்கும் அங்கும் மாற்றிக் குத்துபவர்கள் மூன்றாவது. மூன்றாவது குவியல்தான் சின்னது. எல்லோரும் அதை நினைத்துக்கொண்டு முதல் குவியலின் எண்ணைச் சொல்கிறார்கள்.

5 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

எவ்வளவு சின்னது? ‘சுயேச்சை’ என்று பதில் சொன்னவரிடம் உடனே ஒரு துணைக் கேள்வி போடுவார்கள்: இரண்டு கட்சியில் எதற்குக் கொஞ்சம் நெருக்கம்? மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 1952 முதல் இந்த முறையில் கேட்கிறார்கள். பியூ ஆய்வு மையம் 2019-ல் வெளியிட்டதில் சுயேச்சை என்றவர்கள் 38 சதவீதம். துணைக் கேள்விக்குப் பிறகு 17 பேர் ஜனநாயகக் கட்சிப் பக்கம், 13 பேர் குடியரசுக் கட்சிப் பக்கம் சாய்ந்தார்கள். எந்தப் பக்கமும் சாயாதவர்கள் நூற்றுக்கு 7. அந்த ஏழிலும் 2018 தேர்தலில் வாக்களித்ததாகச் சொன்னவர்கள் மூன்றில் ஒருவர்தான்.

சாய்ந்தவர்கள் வாக்களிக்கும்போது ஏறக்குறைய கட்சிக்காரர்கள் மாதிரியே வாக்களிக்கிறார்கள். மதில்மேல் பூனை என்கிறோம். இந்தப் பூனைகளில் பெரும்பாலானவை எந்தப் பக்கம் குதிக்கும் என்று அந்தப் பூனைக்கும் தெரியும், பக்கத்து வீட்டுக்காரருக்கும் தெரியும்.

7 மார்ச் 2025 | ஓமலூரான்

சரி, போன் கணக்கு வேண்டாம். பதிவேட்டுக் கணக்கு எடுங்கள். மாசசூசெட்ஸில் பதிவானவர்களில் 60 சதவீதத்துக்கு மேல் ‘சேராதவர்’. வட கரோலினாவில் 2022-லேயே கட்சி சாராதோர் முதலிடம். நெவாடா, ஓரிகன், கொலராடோ எல்லாம் அப்படியே. இதுவும் வெறும் பேச்சா?

7 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

பேச்சு இல்லை, பதிவு. ஆனால் அதில் ஒரு பகுதி யாரும் எடுத்த முடிவில்லை, ஓட்டுநர் உரிம அலுவலகத்தின் கம்ப்யூட்டர் செய்த வேலை.

ஓரிகனில் 2016 ஜனவரியிலிருந்து நடைமுறை இப்படி: உரிமம் எடுக்கவோ புதுப்பிக்கவோ போகிறீர்கள். தகுதி இருந்தால் பெயர் தேர்தல் அலுவலகத்துக்குத் தானாகப் போய்விடும். கவுன்டரில் கட்சி கேட்க மாட்டார்கள். பிறகு வீட்டுக்கு ஓர் அட்டை வரும். 21 நாளுக்குள் கட்சியைக் குறித்து அனுப்பலாம், ‘எனக்குப் பதிவே வேண்டாம்’ என்றும் அனுப்பலாம். ஒன்றும் செய்யாமல் அட்டையைப் பழைய பேப்பரோடு போட்டால் நீங்கள் கட்சி சாராதவர். நெவாடாவில் 2018 வாக்கெடுப்பில் இதே முறைக்கு ஒப்புதல் கிடைத்து 2020-ல் நடைமுறைக்கு வந்தது. அங்கும் வாய் திறக்காதவர் கட்சி சாராதவர்.

அதனால் எந்த மாநிலத்தில் இந்த எண் சரசரவென்று ஏறினாலும் முதலில் பார்க்கவேண்டியது தானியங்கிப் பதிவு எந்த வருஷம் வந்தது என்பதை. மாசசூசெட்ஸ் வேறு விஷயம். அங்கே தானியங்கிப் பதிவு வருவதற்குப் பல வருஷம் முன்பே ‘சேராதவர்’ பாதியைத் தாண்டிவிட்டார்கள். காரணம், சேராமல் இருப்பதால் அங்கே எந்த நஷ்டமும் இல்லை. அதற்குத்தான் வருகிறேன்.

8 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

பிரைமரி. கட்சி வேட்பாளர் யார் என்பதை முடிவு செய்யும் முன்தேர்தல். சுயேச்சைக்கு எவ்வளவு பலம் என்பதை எண்ணிக்கையைவிட இதுதான் முடிவு செய்கிறது. பல தொகுதிகளில் நவம்பர் தேர்தல் ஒரு சடங்கு. அந்தப் பக்கத்துக் கட்சியின் பிரைமரியில் ஜெயித்தவர்தான் உறுப்பினர். அந்தப் பிரைமரிக்குள் நுழைய முடியாவிட்டால் நாற்பது சதவீதம் இருந்தும் என்ன?

மாசசூசெட்ஸில் வாக்குச்சாவடி மேஜையில் பெயர் சொன்னதும் எந்தக் கட்சியின் வாக்குச்சீட்டு வேண்டும் என்று கேட்பார்கள். வாங்கிக் குத்திவிட்டு வரலாம். பதிவு ‘சேராதவர்’ என்றே நிற்கும். கட்சியில் சேர்ந்தவருக்கோ தன் கட்சிச் சீட்டு மட்டும்தான். சேராதவருக்குத்தான் அங்கே சுதந்திரம் அதிகம், அப்புறம் யார் சேருவார்கள்?

நியூ ஹாம்ப்ஷயரில் ஒரு கண்ணி. அறிவிக்காதவர் சீட்டு வாங்கிய நிமிஷமே அந்தக் கட்சி உறுப்பினராகிவிடுவார். வெளியே வரும்போது இன்னொரு மேஜையில் ஓர் அட்டை இருக்கும், அதில் கையெழுத்துப் போட்டால் மறுபடியும் அறிவிக்காதவர். மறந்து வீட்டுக்குப் போய்விட்டால் அடுத்த பிரைமரியில் ‘நீங்கள் இந்தக் கட்சிக்காரர்’ என்பார்கள்.

கொலராடோவில் 2016 வாக்கெடுப்புக்குப் பிறகு கட்சி சாராதவருக்கு இரண்டு கட்சிச் சீட்டும் ஒரே உறையில் தபாலில் வரும். ஒன்றை மட்டும் நிரப்பித் திருப்ப வேண்டும். இரண்டையும் நிரப்பி வைத்தால் இரண்டும் செல்லாது. ‘நம்மைக் கேட்டுத்தானே ரெண்டு அனுப்பினார்கள்’ என்று நினைப்பவர்கள் ஒவ்வொரு முறையும் இருக்கிறார்கள். முன்கூட்டியே விருப்பம் பதிவு செய்தால் ஒரே சீட்டு வரும், குழப்பம் இல்லை. உறை தேர்தல் நாள் மாலை 7 மணிக்குள் அலுவலகத்துக்கு வந்து சேர்ந்திருக்க வேண்டும். தபால் முத்திரைத் தேதி அங்கே செல்லுபடியாகாது.

அரிசோனா பாதிக் கதவு. மாநிலப் பிரைமரியில் சுயேச்சை ஒரு சீட்டைக் கேட்டு வாங்கலாம். ஜனாதிபதி வேட்பாளர் தேர்வில் நுழைய முடியாது. தபாலில் சீட்டு வாங்கும் பட்டியலில் இருப்பவர் எந்தக் கட்சிச் சீட்டு என்று முன்பே சொல்லியிருக்க வேண்டும்.

புளோரிடா, பென்சில்வேனியா, கென்டக்கி, நியூயார்க் எல்லாம் சாத்திய கதவு. புளோரிடாவில் 2020-ல் திறந்துவிடப் பார்த்தார்கள், 57 சதவீதம் ஆதரவு கிடைத்தது. அங்கே அரசமைப்புத் திருத்தத்துக்கு 60 வேண்டும். கதவு சாத்தியபடியே இருக்கிறது.

8 மார்ச் 2025 | மூன்றாம்வரிசை

ஒஹாயோவை விட்டுவிட்டீர்கள். அங்கே பதிவுப் படிவத்தில் கட்சி இல்லை, ஆனால் பிரைமரியில் எந்தச் சீட்டு வாங்கினீர்களோ அதுவே உங்கள் கட்சி என்று பதிவேட்டில் ஏறும். உங்கள் இரண்டு வகையிலும் அது அடங்காது.

9 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

சரிதான், திருத்தம் ஏற்கப்பட்டது. அந்த ‘சுமார் முப்பது’ என்பதில் ‘சுமார்’ போட்டதே இந்த மாதிரி மாநிலங்களுக்காகத்தான் என்று சொல்லித் தப்பிக்கலாமா? வேண்டாம், மறந்துவிட்டேன்.

11 மார்ச் 2025 | ஓமலூரான்

கலிபோர்னியா?

11 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

இரண்டு தனி விஷயம், அங்கே இருப்பவர்களே குழப்பிக்கொள்வார்கள்.

ஆளுநர், செனட், சட்டமன்றம் இவற்றுக்கு: 2010-ல் மக்கள் வாக்கெடுப்பில் நிறைவேறிய 14-ஆம் முன்மொழிவின்படி எல்லாக் கட்சி வேட்பாளரும் ஒரே சீட்டில். யாரும் யாருக்கும் குத்தலாம். முதல் இரண்டு பேர் நவம்பருக்குப் போவார்கள், இருவரும் ஒரே கட்சியாக இருந்தாலும். 2016 செனட் போட்டியில் நம் துளசேந்திரபுரத்துப் பேத்தி கமலா ஹாரிஸும் லொரெட்டா சாஞ்சஸும் மோதினார்கள், இருவரும் ஜனநாயகக் கட்சி. குடியரசுக் கட்சிக்காரருக்கு நவம்பர் சீட்டில் சொந்த ஆளே இல்லை.

இந்த முறை கவிழும் இடமும் உண்டு. 2012-ல் 31-ஆம் காங்கிரஸ் தொகுதி ஜனநாயகக் கட்சிப் பக்கம் சாய்ந்த தொகுதி. அந்தக் கட்சியில் நான்கு பேர் நின்று வாக்கைப் பிரித்தார்கள். குடியரசுக் கட்சியில் இரண்டே பேர். முதல் இரண்டு இடமும் அந்த இருவருக்கே போனது.

ஜனாதிபதி பிரைமரிக்கு இந்த முறை கிடையாது. கட்சி விருப்பம் இல்லாதவரை உள்ளே விடுவதா என்று ஒவ்வொரு கட்சியும் தனித்தனியாக முடிவு செய்யும். 2024-ல் ஜனநாயகக் கட்சி விட்டது, குடியரசுக் கட்சி விடவில்லை. விடுகிற கட்சியாக இருந்தாலும் நீங்கள் கேட்டு வாங்க வேண்டும். தபால் வாக்காளருக்கு முன்னதாக ஓர் அட்டை வரும். அதைத் திருப்பி அனுப்பாவிட்டால் வருகிற சீட்டில் ஜனாதிபதி வரிசையே இருக்காது. ‘அச்சடிக்க மறந்துட்டாங்க’ என்று அலுவலகத்துக்குப் போன் பறக்கும்.

12 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

நேற்று எழுத மறந்தது. புதிதாகக் குடியுரிமை வாங்கிய நம் ஆட்களும் விழுகிற குழி. கலிபோர்னியா படிவத்தில் கட்சிப் பெயர்களில் ‘அமெரிக்கன் இன்டிபெண்டன்ட்’ என்று ஒன்று இருக்கும். இன்டிபெண்டன்ட் என்றதும் ‘நாமதான் எந்தக் கட்சியும் இல்லையே’ என்று டிக் அடித்துவிடுவார்கள். அது ஒரு கட்சி. 1968-ல் நிறவெறிப் பிரிவினையை ஆதரித்த ஜார்ஜ் வாலஸ் ஜனாதிபதிக்கு நின்றபோது உருவானது. 2016-ல் லாஸ் ஏஞ்சலஸ் டைம்ஸ் விசாரித்தபோது அதன் உறுப்பினரில் ஏறக்குறைய நான்கில் மூன்று பேருக்கு ஒரு கட்சியில் சேர்ந்திருப்பதே தெரியாது.

சரிபார்க்க: மாநிலத் தேர்தல் துறையின் வாக்காளர் நிலைப் பக்கத்தில் கேட்கிற விவரங்களைக் கொடுத்துக் கட்சி வரியைப் பாருங்கள். தப்பாக இருந்தால் புதிதாக ஒரு பதிவுப் படிவம் நிரப்பினால் போதும், அதுவே பழையதை அடித்துவிடும். கடிதம், மனு எதுவும் தேவையில்லை.

20 மார்ச் 2025 | ஓமலூரான்

வாக்காளரைப் பிரித்து மேய்ந்தாயிற்று. வேட்பாளர்? நெப்ராஸ்கா செனட் தேர்தலில் சுயேச்சையாக நின்ற டான் ஆஸ்போர்ன் 46 சதவீதத்துக்கு மேல் வாங்கினாரே.

20 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

வாங்கினார். எதிரில் ஜனநாயகக் கட்சி யாரையும் நிறுத்தவில்லை. 2014-ல் கன்சாஸில் கிரெக் ஆர்மன், 2022-ல் யூட்டாவில் இவான் மக்மல்லின், 2024-ல் ஆஸ்போர்ன்: மூவரும் குடியரசுக் கட்சிக் கோட்டையில் நின்ற சுயேச்சைகள், மூவருக்கும் ஜனநாயகக் கட்சி வழிவிட்டது, மூவரும் நாற்பதைத் தாண்டினார்கள், மூவரும் தோற்றார்கள். வழிவிடாத இடத்தில் பெரும்பாலும் சுயேச்சைக்கு நாற்பது கனவு. ஜெயித்தவர்களான வெர்மான்ட்டின் சாண்டர்ஸும் மெய்னின் கிங்கும் செனட்டில் ஜனநாயகக் கட்சியோடுதான் உட்காருகிறார்கள். காரணம் கொள்கை மட்டுமில்லை. கமிட்டி இடங்களைப் பங்கு போடுவது கட்சிக் குழு. எந்தக் குழுவிலும் இல்லாதவருக்கு இடம் தரப் பொறுப்பானவர் யாரும் இல்லை.

பதவியில் இருந்துகொண்டே ஜனநாயகக் கட்சியை விட்டுச் சுயேச்சையான செனட்டர்கள் சினெமா, மான்சின் இருவரும் அதற்குப் பிறகு தேர்தலில் நிற்கவே இல்லை. அந்த ஊரில் செனட்டர் சுயேச்சை ஆனால் அதை ஓய்வு விண்ணப்பம் என்று எடுத்துக்கொள்ளலாம் போல.

21 மார்ச் 2025 | கணக்குப்பிள்ளை

ஜனாதிபதிக்குச் சுயேச்சையாக நிற்பதென்றால் ஐம்பது தனித்தனி மனு. 2024-ல் தேவைப்பட்ட கையெழுத்துகள்: கலிபோர்னியா 219,403. புளோரிடா 145,040. டெக்சஸ் 113,151. நியூயார்க் 45,000, அதுவும் ஆறு வாரத்தில். டென்னசி 275. ஆமாம், இருநூற்று எழுபத்தைந்து.

எண்ணிக்கை மட்டும் போதாது. டெக்சஸில் அந்த வருஷப் பிரைமரியில் வாக்களித்தவர் கையெழுத்துப் போட்டால் செல்லாது. மார்ச் பிரைமரிக்கு மறுநாள் தொடங்கி மே நடுப்பகுதிக்குள் முடிக்க வேண்டும். முகவரி பொருந்தாதது, ஒரே ஆள் இரண்டு முறை போட்டது, பதிவில் இல்லாதவர் எல்லாம் கழிந்து போகும் என்பதால் அனுபவசாலிகள் ஒன்றரை மடங்கு சேர்க்கிறார்கள். 2024-ல் சுயேச்சையாக நின்ற ராபர்ட் கென்னடி ஜூனியருக்கு நெவாடாவில் வந்த சிக்கல், மனுவில் துணை ஜனாதிபதி வேட்பாளர் பெயர் இல்லை என்பது. நியூயார்க்கில் அவர் கொடுத்த வீட்டு முகவரி உண்மையில் அவர் வசிக்கும் இடமில்லை என்று நீதிமன்றம் மனுவையே தள்ளியது. ஆகஸ்ட் 23-ல் பிரச்சாரத்தை நிறுத்திய பிறகு மிச்சிகன், விஸ்கான்சின் சீட்டுகளிலிருந்து பெயரை எடுக்கச் சொன்னார், முடியவில்லை. ஏறுவதற்கும் வழக்கு, இறங்குவதற்கும் வழக்கு.

10 ஏப்ரல் 2025 | மூன்றாம்வரிசை

நியூ மெக்சிகோ ஆளுநர் கையெழுத்துப் போட்டுவிட்டார். 2026 பிரைமரியிலிருந்து கட்சி சொல்லாதவர்களும் ஒரு சீட்டைக் கேட்டு வாங்கலாம், பதிவை மாற்ற வேண்டாம். காற்று திரும்புகிறதோ?

10 ஏப்ரல் 2025 | கணக்குப்பிள்ளை

ஒரு கதவு திறந்தது, நல்லது. ஆனால் 2024 நவம்பரை மறக்க வேண்டாம். நெவாடா, அரிசோனா, கொலராடோ, ஐடஹோ, மொன்டானா, தெற்கு டகோட்டா: பிரைமரியைத் திறந்துவிடும் திட்டம் ஆறு இடத்திலும் தோற்றது. நெவாடாவில் அதே திட்டம் 2022-ல் ஜெயித்திருந்தது. அரசமைப்புத் திருத்தமானதால் அங்கே இரண்டு முறை ஜெயிக்க வேண்டும். கட்சி சாராதோர் முதலிடத்தில் இருக்கும் மாநிலத்திலேயே தோற்றது என்பதைக் கவனிக்கவும். வாஷிங்டன் நகரில் மட்டும் ஜெயித்தது. அலாஸ்காவில் இருக்கிற திறந்த முறையை நீக்கும் முயற்சி ஆயிரத்துக்கும் குறைவான வாக்கில் தோற்றது.

ஏன் தோற்றது? பல இடங்களில் திறந்த பிரைமரியோடு தரவரிசை வாக்கையும் (வேட்பாளர்களை 1, 2, 3 என்று வரிசைப்படுத்திக் குத்துவது) ஒரே பொட்டலமாகக் கட்டிவிட்டார்கள். ஒன்று பிடித்து மற்றது பிடிக்காதவர் ‘வேண்டாம்’ என்று குத்திவிட்டுப் போனார் என்பது என் கணிப்பு. மொன்டானாவிலும் தெற்கு டகோட்டாவிலும் பொட்டலம் இல்லாமலே தோற்றது, ஆகவே இந்தக் கணிப்பை அடித்துச் சொல்ல மாட்டேன்.

10 நவம்பர் 2025 | கணக்குப்பிள்ளை

பழைய இழையைத் தூசு தட்டுகிறேன், யாரும் கவனிக்காத ஒரு மூலைக்காக. தொகுதி எல்லை வரையும் ஆணையங்களில் சுயேச்சைக்குச் சட்டப்படியே நாற்காலி உண்டு. கலிபோர்னியாவில் 14 பேரில் இரண்டு பெரிய கட்சிக்கும் தலா 5, மீதி 4 பேர் அந்த இரண்டையும் சேராதவர்கள். கொலராடோ 12-ல் 4, 4, 4. மிச்சிகன் 13-ல் 4, 4, 5. அரிசோனாவில் ஐந்து பேர், தலைவர் இரண்டு கட்சியிலும் இல்லாதவர். மற்ற நால்வரும் இரண்டுக்கு இரண்டு என்று நின்றால் எல்லைக் கோடு வரைவது அந்த ஒருவர். மிச்சிகனில் கட்சிப் பதிவே இல்லையே, எப்படி? விண்ணப்பத்தில் சத்தியம் செய்து சொல்ல வேண்டும்.

நவம்பர் 4-ல் கலிபோர்னியாவில் 50-ஆம் முன்மொழிவு ஜெயித்தது. காங்கிரஸ் தொகுதிகளுக்கு ஆணையம் வரைந்த வரைபடம் 2030 வரை ஓரங்கட்டப்பட்டது, சட்டமன்றம் தந்த வரைபடம் வந்தது. டெக்சஸ் முதலில் வரைந்தது, இவர்கள் பதிலுக்கு வரைந்தார்கள். அந்த நான்கு நாற்காலிக்கும் இந்த விஷயத்தில் இப்போதைக்கு வேலையில்லை.

15 ஜனவரி 2026 | ஓமலூரான்

கேலப் புதுக் கணக்கு: 2025-ல் சுயேச்சை 45. கட்சிகள் 27, 27. இதுவரை இல்லாத உச்சம். சும்மா போட்டுவைக்கிறேன், யாரும் திட்ட வேண்டாம்.

15 ஜனவரி 2026 | கணக்குப்பிள்ளை

திட்டவில்லை. துணைக் கேள்விக்கு வந்த பதிலையும் போடுங்கள்.

17 பிப்ரவரி 2026 | மூன்றாம்வரிசை

அவசரம். நியூயார்க்கில் ‘வெற்று’ என்று பதிவான ஒருவர் ஜூன் 23 பிரைமரியில் வாக்களிக்க வேண்டுமாம். இன்றைக்கு ஆன்லைனில் கட்சியை மாற்றினால் போதுமா?

17 பிப்ரவரி 2026 | கணக்குப்பிள்ளை

பிப்ரவரி 14 கடைசி நாள், தாண்டிவிட்டது. ஏற்கெனவே பதிவில் இருப்பவர் இன்றைக்கு மாற்றினால் பிரைமரி முடிந்து ஏழாம் நாள், அதாவது ஜூன் 30-ல்தான் அமலுக்கு வரும். இதுவே முன்பைவிடப் பரவாயில்லை. 2016-ல் ஏப்ரல் பிரைமரிக்கு முந்தைய அக்டோபரிலேயே மாற்றியிருக்க வேண்டும். டிரம்பின் மகள் இவாங்காவும் மகன் எரிக்கும் அந்தத் தேதியைத் தவறவிட்டு, அப்பாவுக்கு நியூயார்க் பிரைமரியில் வாக்களிக்க முடியாமல் நின்றார்கள்.

இதுவரை பதிவே செய்யாதவருக்கு இந்தக் கெடு இல்லை. புதிதாகக் குடியுரிமை வாங்கியவர் தேர்தலுக்கு 10 நாள் முன்பு வரை, கட்சியையும் குறித்தே பதிவு செய்யலாம். உங்கள் ஆள் ஏற்கெனவே ‘வெற்று’ என்பதால் அவருக்கு இது பொருந்தாது. நவம்பரில் போய்க் குத்தச் சொல்லுங்கள், அன்றைக்கு யாரும் கட்சி கேட்க மாட்டார்கள்.